கொடுந்தமிழுக்கும் இலக்கணம் கண்டவர்

சென்னை மெரினாக் கடற்கரையில், இரண்டாம் உலகத் தமிழ் மாநாட்டையொட்டி 1968-ஆம் ஆண்டில் தமிழ்ச் சான்றோர் சிலருக்குச் சிலைகள் எழுப்பப்பட்டன. வள்ளுவரும் ஔவையாரும் கம்பரும் பாரதியாரும் நிற்கும் அந்தக் கடற்கரையில், இத்தாலி நாட்டிலே பிறந்து தமிழ் நாட்டிலே முனிவராக வாழ்ந்த ஒருவரும் நிற்கிறார். அவர்தாம் வீரமாமுனிவர். தேம்பாவணி பாடியவர், சதுரகராதி தந்தவர், எழுத்துச் சீர்திருத்தம் செய்தவர் என்று பள்ளிப் பருவம் முதலே ஐந்து மதிப்பெண் வினாவுக்கு விடையாக எழுதி எழுதி நமக்குப் பழகிப்போன பெயர் அது. பழகிப்போன பெயர் என்பதனாலேயே அவரைப் பற்றி மேலும் அறிய வேண்டுமென்ற எண்ணம் எனக்கும் நெடுநாள் எழவில்லை. எழுந்ததற்குக் காரணம் ஒரு வாழையிலை.

நான் கல்வராயன் மலையைச் சேர்ந்தவன். வெள்ளிமலைக்கு அப்பாலுள்ள ஒரு சிற்றூர் என் ஊர். எங்கள் மக்களை மலையாளிகள் என்பர். மலையை ஆள்பவர் என்று நாங்கள் பொருள் கொள்வோமேயன்றிக் கேரளத்தோடு எங்களுக்குத் தொடர்பில்லை. காஞ்சிபுரத்திலிருந்து முன்னோர் மலையேறி வந்ததாக எங்கள் முதியோர் கதை சொல்வர். நாங்கள் பேசுவது தமிழ்தான். 1976-ஆம் ஆண்டு வரை ஜாகிர்தார்களின் பிடியிலிருந்த மலை அது. ஆதலின் பள்ளிக்கூடம், சாலை எல்லாம் எங்களுக்குப் பிந்தி வந்தவை. என் வீட்டில் புத்தகத் தமிழை முதன்முதலில் தொட்டவன் நானே.

சமவெளியில் ஒரு பள்ளியில், விடுதியில் தங்கிப் படித்த காலத்தில், கட்டுரைத் தேர்வொன்றில் எங்கள் ஊர்த் திருவிழாவைப் பற்றி எழுதினேன். எல்லாரும் வரிசையாக அமர்ந்து இலையில் உண்டோம் என்பதை, வாயில் வந்தவாறே ‘எலையில்’ என்று எழுதிவிட்டேன். அந்த வரி வகுப்பில் உரக்கப் படிக்கப்பட்டது. அனைவரும் சிரித்தார்கள். மலைப் பேச்சுக்கு இலக்கணமே கிடையாது என்று அன்று சொல்லப்பட்டதையும் நான் மறக்கவில்லை. அதன்பின் வகுப்பில் வாய் திறப்பதையே குறைத்துக்கொண்டேன். வாய் திறந்தால் ஏதேனும் ஒரு ‘எலை’ வெளியே விழுந்துவிடுமோ என்ற அச்சம். இந்தக் கல்லூரிக்கு வந்த பிறகு, இதனை ஒரு நாள் பேராசிரியர் ஒருவரிடம் சொல்ல நேர்ந்தது. அவர் ஒன்றும் சொல்லாமல், மறுநாள் தம் வீட்டிலிருந்து ஒரு நூலின் நிழற்படியைக் கொண்டுவந்து கொடுத்தார். வீரமாமுனிவர் இலத்தீன் மொழியில் இயற்றிய கொடுந்தமிழ் இலக்கணத்தின் பழைய ஆங்கில மொழிபெயர்ப்பு அது. அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு அதனைப் படித்து முடிக்க எனக்கு ஒரு கோடை விடுமுறை முழுதும் ஆயிற்று. இக்கட்டுரை அதன் பயன்.

இத்தாலி நாட்டில் மாந்துவாப் பகுதியைச் சேர்ந்த காஸ்திகிளியோனே என்னும் ஊரில், 1680-ஆம் ஆண்டு நவம்பர்த் திங்கள் 8-ஆம் நாள் அவர் பிறந்தார். இயற்பெயர் கொன்ஸ்தான்சோ பெஸ்கி. 1698-இல் இயேசு சபையிற் சேர்ந்தார். 1710-இல் கோவா வந்திறங்கி, அடுத்த ஆண்டு தமிழகம் அடைந்தார். அப்போது அவருக்கு வயது முப்பது. முப்பது வயதுக்கு மேல் ஒரு புதிய மொழியின் நெடுங்கணக்கைத் தொடங்கியவர், பதினைந்து ஆண்டுகளுக்குள் அம்மொழியில் 3615 பாடல்கள் கொண்ட ஒரு காப்பியத்தைப் பாடி முடித்தார் என்பதை எண்ணிப் பார்க்கும்போது, இரண்டு பருவங்களாக யாப்பிலக்கணத்தோடு போராடிக்கொண்டிருக்கும் எம்போன்றோருக்குச் சற்று வெட்கமாகத்தான் இருக்கிறது.

பெயரை மாற்றிக்கொண்ட விதமே ஒரு மொழிப் பயிற்சி. கொன்ஸ்தான்சோ என்றால் உறுதி குலையாதவர் என்று பொருள். அதனைத் தைரியநாதர் என்று முதலில் ஆக்கிக்கொண்டார். பின்னர் அவ்வடசொல்லும் தமிழ் வடிவம் பெற்று வீரமாமுனிவர் என வழங்கலாயிற்று. சுப்பிரதீபக் கவிராயரிடம் அவர் தமிழ் பயின்றதாக மரபு கூறும். தென்பாண்டி நாட்டில் காமநாயக்கன்பட்டி, வடக்கன்குளம் முதலிய ஊர்களில் பணிபுரிந்தார். எதிர்ப்புக்கு உள்ளாகிச் சிறைப்பட்டுச் சாவின் விளிம்பு வரை சென்று மீண்டார். பின்னர்க் கொள்ளிடக் கரையை அடுத்த ஏலாக்குறிச்சியில் நெடுங்காலம் தங்கி, அவ்வூருக்குத் திருக்காவலூர் எனப் பெயரிட்டு, அதன்மேல் ஒரு கலம்பகமும் பாடினார்.

நம் பகுதிக்கும் அவருக்கும் தொடர்புண்டு என்பது பலருக்குத் தெரியாது. உளுந்தூர்ப்பேட்டையைத் தாண்டி விருத்தாசலம் செல்லும் பக்கத்தில், மங்கலம்பேட்டைக்கு அருகே கோணான்குப்பம் என்னும் ஊர் உள்ளது. இன்று அது கடலூர் மாவட்டத்தில் அடங்கும். அங்கே பெரியநாயகி மாதாவுக்கு அவர் எழுப்பிய கோயில் உண்டு. அவர் வைத்திருந்த மாதா உருவம் காட்டில் காணாமற்போயிற்றென்றும், முகாசாபரூர்க் கச்சிராயர் அதனைக் கண்டெடுத்தாரென்றும், மகப்பேறில்லாதிருந்த அவருக்குப் பின்னர் மகப்பேறு வாய்த்ததென்றும் அவ்வூர் மக்கள் சொல்வர். எங்கள் மலையடிவாரத்துக் கச்சிராயபாளையத்தின் பெயரிலும் ஒரு கச்சிராயர் இருக்கிறார் என்பதனால் எனக்கு அக்கதையில் தனி விருப்பம். கதை எப்படியாயினும், பெயரைக் கவனியுங்கள். விருத்தாசலத்துப் பழமலைநாதர் கோயிலில் அம்மையின் பெயர் பெரியநாயகி. அந்த வட்டாரத்து மக்களின் நாவில் ஏற்கெனவே இருந்த பெயரையே அவர் எடுத்துக்கொண்டார். புதிய பொருளுக்குப் புதிய சொல்லை வெளியிலிருந்து கொண்டுவராமல், மக்கள் வாயிலிருக்கும் சொல்லைத் தேடிப் பிடிப்பது அவர் வழக்கம். இலக்கணம் எழுதியபோதும் அவ்வாறே செய்தார்.

அவர் வந்து கண்ட தமிழ் ஒன்றல்ல, இரண்டு. புலவர் ஓலையில் எழுதும் தமிழ் ஒன்று; அதே புலவர் வீட்டிலும் வயலிலும் பேசும் தமிழ் மற்றொன்று. நமக்கு இது காற்றைப்போல் பழகிய ஒன்றாதலின் நாம் இதனை வியப்பதில்லை. மொழியியலார் இதனை இரட்டை வழக்கு என்பர். அமெரிக்க அறிஞர் பெர்குசன் 1959-இல் எழுதிய ஒரு கட்டுரைக்குப் பின்னரே இது உலக அளவில் ஒரு தனி ஆய்வுப் பொருளாயிற்று. அரபு, கிரேக்கம், சுவிட்சர்லாந்து ஜெர்மன், ஹைட்டித் தீவின் மொழி ஆகிய நான்கினை அவர் சிறப்பாக எடுத்துக்காட்டினார். பெஸ்கி பாதிரியாருக்கோ இந்நிலை பிறந்த மண்ணிலேயே அறிமுகமானது. கோயிலிலும் கல்லூரியிலும் இலத்தீன், அடுக்களையில் மாந்துவா வட்டாரப் பேச்சு என்று வளர்ந்தவர் அவர். இரண்டு தமிழையும் இரண்டாகவே காணும் கண் அவருக்கு அங்கிருந்துதான் வந்திருக்கும் என்பது என் எண்ணம்.

ஆகவே அவர் ஓர் இலக்கணம் எழுதவில்லை. பேச்சுத் தமிழுக்கென 1728-இல் கொடுந்தமிழ் இலக்கணத்தையும், இலக்கியத் தமிழுக்கெனச் செந்தமிழ் இலக்கணத்தையும் தனித்தனியே இலத்தீனில் எழுதினார். தமிழ்ப் புலவர்க்கெனத் தமிழிலேயே ஐந்திலக்கணமும் அடங்கிய தொன்னூல் விளக்கத்தை 370 நூற்பாக்களில் 1730-இல் யாத்தார். ஒருவனுக்கு வேண்டியது எதுவோ அதற்கேற்ற இலக்கணம்! செந்தமிழ் கற்றவனை ஊருக்குள் அனுப்பினால் ஒருவர் பேசுவதும் அவனுக்கு விளங்காது. பேச்சு மட்டும் கற்றவனுக்கு ஓலைச்சுவடி விளங்காது. இரண்டும் வேண்டும், ஆனால் பேச்சிலிருந்து தொடங்க வேண்டும் என்பது அவர் கண்ட முறை.

இங்கே சற்று நின்று, இலக்கணிகள் சொற்களை எவ்வாறு வகைப்படுத்துகிறார்கள் என்பதைப் பார்த்தல் வேண்டும். ஐரோப்பிய மாணவன் அக்காலத்தில் சொற்களை எட்டாகப் பிரிக்கக் கற்றான். கிரேக்க இலக்கணி திராக்சு என்பார் பெயரால் வழங்கும் பழைய நூலிலேயே எட்டு வகை உண்டு. இலத்தீன் இலக்கணிகளும் பெயர், பிரதிப்பெயர், வினை, எச்சம், வினையடை, முன்னிடை, இணைப்பிடை, வியப்பிடை என எட்டாகவே பிரித்தனர். நம் முன்னோரோ நான்காகப் பிரித்தனர்: பெயர், வினை, இடை, உரி. அவற்றுள்ளும் தொல்காப்பியர் முதலிரண்டையே சொல் எனச் சிறப்பித்து, ஏனைய இரண்டும் அவற்றைச் சார்ந்து வருவன என்றார்.

எட்டு பெரிதா, நான்கு பெரிதா என்பது வினாவன்று. எதைக்கொண்டு பிரித்தார்கள் என்பதே வினா. பெயர் என்பது பொருளைக் குறிப்பது, வினை என்பது செயலைக் குறிப்பது என்று நாம் தொடக்கப் பள்ளியில் படிக்கிறோம். ‘ஓட்டம்’ செயலைத்தானே குறிக்கிறது? அது ஏன் பெயராயிற்று? பொருளைக்கொண்டு பிரித்தால் இத்தகைய சிக்கல் தீராது. நம் பழைய இலக்கணிகள் இதனை உணர்ந்திருந்தனர். வேற்றுமை உருபை ஏற்கும், காலம் காட்டாது என்பது பெயருக்கு அடையாளம். உருபை ஏற்காது, காலம் காட்டும் என்பது வினைக்கு அடையாளம். ‘ஓட்டத்தை’ என்று சொல்லலாம், ஆகவே பெயர். ‘ஓடினான், ஓடுகிறான், ஓடுவான்’ என்று காலம் காட்டலாம், ஆகவே வினை. சொல் எதனைக் குறிக்கிறது என்று கேளாமல், அது தன்னோடு எதனைச் சேர்த்துக்கொள்கிறது என்று கேட்கும் இந்த முறையைத்தான் இருபதாம் நூற்றாண்டு மொழியியலார் தங்கள் ஆய்வின் அடித்தளமாக்கினர்.

இந்த உரைகல்லில் உரைத்தால் இலத்தீனின் எட்டு வகையும் தமிழில் எட்டாக நில்லா. ‘மரத்தை’ என்பது போலவே ‘அவனை’ என்கிறோம். ஆதலின் பிரதிப்பெயர் தனி இனமாகாது, பெயருள் அடங்கும். ஐரோப்பிய மொழிகளில் பெயருக்கு முன்னே நிற்கும் முன்னிடைச் சொற்கள் தமிழில் இல்லை. அவற்றின் வேலையை உருபும், ‘மேல், கீழ், உள்’ போலப் பெயருக்குப் பின் வரும் சொற்களும் செய்கின்றன. இலத்தீன் பெயர்கள் ஐந்து வாய்பாடுகளாகப் பிரிந்து, ஒவ்வொன்றும் தனக்கெனத் தனி ஈறுகள் கொள்ளும். அவற்றை மனப்பாடம் செய்தே அந்நாட்டுப் பிள்ளைகள் களைத்துப்போவர். தமிழில் ‘மரம்’ ‘மரத்து’ ஆகும், ‘வீடு’ ‘வீட்டு’ ஆகும், அடிச்சொல்லில்தான் மாற்றம். அதன்பின் வரும் ‘ஐ, ஆல், கு’ எல்லாப் பெயர்க்கும் ஒன்றே.

நான்கு வகையிலும் சிக்கல் இல்லாமலில்லை. ‘நல்ல’ என்னும் சொல்லை எடுத்துக்கொள்வோம். ‘நல்லவை’ என்றால் உருபேற்கும், ‘நல்ல’ ஏற்காது. காலமும் காட்டாது. நம் மரபு அதனைக் குறிப்புப் பெயரெச்சம் என்று வினையின் பக்கம் சேர்க்கும். இன்றைய மொழியியலார் பலர் பெயரடை எனத் தனியே நிறுத்துவர். இதில் யார் கூற்றுச் சரி என்பதில் நம் துறையிலேயே ஒருமித்த கருத்தில்லை. தேநீர் இடைவேளையில் அதுபற்றி நடக்கும் வழக்கு இன்னும் தீர்ப்பாகவில்லை.

வீரமாமுனிவரின் சிறப்பு இங்கேதான். கொடுந்தமிழ் இலக்கணத்தை அவர் இலத்தீன் அறிந்தவர்க்காக எழுதினார். ஆகவே பெயர், பிரதிப்பெயர், வினை என்று அவர்கள் அறிந்த தலைப்புகளிலேயே தொடங்கினார். ஆனால் தொல்காப்பியமும் நன்னூலும் துறைபோகக் கற்றவராதலின், இலத்தீன் சட்டையைத் தமிழுக்கு மாட்டி, அளவுக்குப் பொருந்தாத கையை வெட்டும் தவற்றை அவர் செய்யவில்லை.

அந்நூலைப் படித்த கோடையில், என் ஊர்ப் பேச்சை நானும் காது கொடுத்துக் கேட்கத் தொடங்கினேன். இனி நான் சொல்லும் விதிகள் அவர் நூலிலிருந்து எடுத்தவையல்ல. கேட்டுக் குறித்து, பின் பேராசிரியரிடம் காட்டித் திருத்திக்கொண்டவை. மொழியியலார் முன்பே கண்டு எழுதியவைதாம் அவை என்று அவர் சொன்னபோது எனக்குச் சிறிது ஏமாற்றமாகவும் இருந்தது.

‘இலை’ பேச்சில் ‘எலை’ ஆகிறது. ‘இடம்’ ‘எடம்’ ஆகிறது. ‘நிலம்’ ‘நெலம்’, ‘விலை’ ‘வெலை’. அவ்வாறே ‘உடம்பு’ ‘ஒடம்பு’, ‘உலகம்’ ‘ஒலகம்’, ‘குடை’ ‘கொடை’, ‘புகை’ ‘பொகை’. ஆனால் ‘இரும்பு’ ‘எரும்பு’ ஆவதில்லை; ‘குருவி’ ‘கொருவி’ ஆவதில்லை. ஏன்? அடுத்த அசையில் அகரமோ ஐகாரமோ இருந்தால்தான் முதலிலுள்ள இகரம் எகரமாகவும், உகரம் ஒகரமாகவும் இறங்கும். அடுத்த அசையில் உகரமோ இகரமோ இருந்தால் இறங்காது. எந்தப் பள்ளியிலும் யாரும் இதனைச் சொல்லித் தருவதில்லை. ஆயினும் எழுதப் படிக்கத் தெரியாத என் ஆயா ஒரு நாளும் ‘எரும்பு’ என்று தவறிச் சொன்னதில்லை.

‘ஒன்று’ ‘ஒண்ணு’ ஆகிறது. ‘மூன்று’ ‘மூணு’ ஆகிறது. முன்னதில் இரண்டு ணகரம், பின்னதில் ஒன்று. குறிலை அடுத்தால் இரட்டிக்கும், நெடிலை அடுத்தால் இரட்டிக்காது. ‘போய்விட்டான்’ என்பது ‘போயிட்டான்’ என ஆகும்போது, ‘விடு’ என்னும் தனி வினை தேய்ந்து தேய்ந்து, செயல் முடிந்ததைக் காட்டும் ஒரு சிறு உறுப்பாக வினைக்குள்ளேயே புகுந்துவிடுகிறது. ஒரு சொல் இலக்கண உறுப்பாக மாறுவதை நம் கண்ணெதிரே, கச்சிராயபாளையம் பேருந்திலேயே காணலாம்.

அன்று என் ‘எலை’யைக் கேட்டுச் சிரித்தவர்களும் விடுதி உணவுக்கூடத்தில் ‘எலை போடு’ என்றுதான் கூவினார்கள். நான் செய்த பிழை ஒன்றே: பேச்சின் விதியைத் தேர்வுத் தாளில் கொண்டுபோய் வைத்தேன். இடம் மாறியதேயன்றி, இலக்கணம் இல்லாமலில்லை.

கொடுந்தமிழ் என்னும் பெயரைப் பற்றி ஒரு சொல். கொடுமை என்பதற்கு இங்கே வளைவு என்பது பொருள், செம்மைக்கு மறுதலை. செந்தமிழ் நிலத்தைச் சூழ்ந்த பன்னிரு நிலங்களைப் பழைய உரையாசிரியர்கள் எண்ணிச் சொல்வர். அந்நிலங்களில் மலாடு ஒன்று. மலாடு என்பது மலையமான் நாடு; திருக்கோவலூரைத் தலைநகராகக் கொண்டது; 2019-இல் உருவான நம் கள்ளக்குறிச்சி மாவட்டத்துக்குள் இன்று அத்திருக்கோவலூர் அடங்குகிறது. ஆக, மேல் மலையில் பிறந்த நான் மட்டுமல்ல, கீழ் நாட்டில் பிறந்து என்னைக் கண்டு சிரித்த நண்பர்களும் உரையாசிரியர் கணக்கில் ஒரே பக்கத்தில்தான் நின்றோம்! வீரமாமுனிவரோ இச்சொல்லை வட்டாரத்துக்கு உரியதாகக் கொள்ளாமல், எல்லாரும் பேசும் பொதுப் பேச்சுக்கு உரியதாக்கினார். ஆயினும் வளைந்தது என்னும் பெயரை அவரும் மாற்றவில்லை. அது எனக்குச் சிறு குறைதான்.

இன்னொன்றையும் மறைக்கலாகாது. பேச்சுத் தமிழுக்கு இலக்கணம் எழுதிய முதல்வர் அவரல்லர். பதினாறாம் நூற்றாண்டிலேயே முத்துக்குளித்துறையில் பணியாற்றிய அன்றிக்கே அடிகளார் போர்த்துகீசிய மொழியில் ஓர் இலக்கணம் எழுதினார். தரங்கம்பாடிச் சீகன்பால்கு இலத்தீனில் எழுதியது 1716-இல் ஜெர்மனியின் ஹாலே நகரில் அச்சாயிற்று. எல்லார் நோக்கமும் சமயப் பணியே. வீரமாமுனிவர் நோக்கமும் அதுவே. எனினும் இரண்டு வழக்கையும் கரைகண்டு, இரண்டுக்கும் தனித்தனி இலக்கணம் வகுத்து, ஒன்றை மற்றதன் சிதைவாக மட்டும் காணாமல் எழுதியவர் அவரே.

அந்நூல் அச்சேறிய கதை சுவையானது. தரங்கம்பாடி லுத்தரன் சபையாருக்கும் அவருக்கும் கடும் பகை. அவர்களை மறுத்து அவர் வேத விளக்கம் எழுதினார். இரு பக்கமும் சொல்லம்புகள் பறந்தன. அவற்றில் சில இன்று படிக்க அழகாயில்லை. ஆனால் 1738-இல் கொடுந்தமிழ் இலக்கணத்தை அச்சிட்டவர்கள் அந்தத் தரங்கம்பாடிச் சபையாரே! பகைவன் எழுதியதாயினும் இதைவிட நல்ல இலக்கணம் வேறில்லை என்று கண்டு, தம் அச்சகத்திலேயே அச்சிட்டுக்கொண்டார்கள். ஒரு நூலுக்கு இதனினும் மேலான மதிப்புரையை நான் அறியேன்.

சொற்களை வகைப்படுத்துவதில் அவர் செய்த மற்றொரு பெருஞ்செயல் 1732-இல் முடித்த சதுரகராதி. அதற்கு முன் தமிழில் சொற்பொருள் அறியத் திவாகரம், பிங்கலம், சூடாமணி முதலிய நிகண்டுகளே துணை. அவை செய்யுளால் ஆனவை. தேவர் பெயர், மக்கள் பெயர், விலங்கின் பெயர் எனப் பொருள்வழித் தொகுக்கப்பட்டவை. முழுதும் மனப்பாடம் செய்தவனுக்கே பயன்படும். 1594-இல் சிதம்பரம் ரேவண சித்தர் சொற்களை முதலெழுத்து வரிசையில் அடுக்கி அகராதி நிகண்டு செய்தார், அதுவும் செய்யுளே. வீரமாமுனிவர் செய்யுளை விட்டு, அகர வரிசையை முழுமையாக்கி, ஒரே சொற்களஞ்சியத்துக்கு நான்கு வாயில்கள் வைத்தார். சொல்லைக் கொண்டு பொருள் தேடுவோர்க்குப் பெயரகராதி. பொருளைக் கொண்டு அதற்குரிய பல சொற்களைத் தேடுவோர்க்குப் பொருளகராதி. மூவேந்தர், ஐம்பூதம் என எண்ணித் தொகுத்தவற்றுக்குத் தொகையகராதி. எதுகை தேடும் கவிஞர்க்குத் தொடையகராதி. ஒரு சொல்லுக்கு ஒரே இடம் என்று அவர் எண்ணவில்லை. தேடுபவன் எந்த வாயிலில் வந்து நிற்கிறான் என்று எண்ணினார்.

எழுத்துச் சீர்திருத்தத்தைப் பாடநூலில் எல்லாரும் படித்திருப்பதால் சுருக்கமாகச் சொல்கிறேன். பழைய முறையில் எகர ஒகரக் குறில்கள் மேலே புள்ளி பெறும், நெடில்கள் பெறா. ஓலையில் புள்ளி குத்தினால் ஏடு கிழியும். ஆகவே குத்தாமலே விட்டனர். ‘மெய்’ எழுதியிருக்கிறதா, ‘மேய்’ எழுதியிருக்கிறதா என்பதைப் படிப்பவன் ஊகிக்க வேண்டும். நெடிலுக்குச் சுழியும் காலும் வேறாக்கி அம்மயக்கத்தைத் தீர்த்த பெருமை அவருக்கே தரப்படுகிறது.

பரமார்த்த குருவின் கதையைச் சிரிப்புக் கதையாக மட்டும் நாம் அறிவோம். ஆற்றைத் தூங்குகிறதா என்று கொள்ளிக்கட்டையால் தொட்டுப் பார்க்கும் அச்சீடர்கள், உண்மையில் ஓர் அகராதியின் பிற்சேர்க்கையாகப் பிறந்தவர்கள். தமிழ் – இலத்தீன் அகராதியோடு, எளிய உரைநடையில் படித்துப் பழகுதற்கென அவர் அக்கதைகளை எழுதினார். தேம்பாவணியின் கடுநடையில் 36 படலங்கள் பாடியவர், வழக்கிலுள்ள எளிய தமிழை எழுதிக் காட்டுவதை இழிவாக எண்ணவில்லை. 1822-இல் லண்டனில் பாபிங்டன் என்பார் அதனை அச்சிட்டார். திருக்குறளின் அறத்துப்பாலையும் பொருட்பாலையும் இலத்தீனில் பெயர்த்ததும் அவர் பணிகளுள் ஒன்று.

இறுதிக் காலத்தில் அவர் சேர நாட்டு அம்பலக்காட்டில் இருந்தார். 1747-ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்கள் 4-ஆம் நாள் அங்கேயே மறைந்தார். பழைய வரலாறுகளில் 1742 என்று காணப்படும். அது பிழையென்று பின்னர்த் தெளிவாயிற்று. நம் நூலகங்களில் சில புத்தகங்கள் இன்னும் பழைய ஆண்டையே கூறுகின்றன. தேர்வெழுதும் நண்பர்கள் கவனிக்க. அவர் நூல்கள் பல சுவடிகளாகவே சிதறிக் கிடந்தன. சென்னையில் எல்லிஸ் துரையின் தூண்டுதலால் முத்துசாமிப் பிள்ளை தென்னாடு சென்று அவற்றைத் தேடித் தொகுத்து, 1822-இல் அவர் வரலாற்றையும் எழுதினார். சதுரகராதி 1824-இல் சென்னையில் அச்சாயிற்று. எழுதியவர் கண்ணால் காணாத அச்சு!

சென்ற தை மாதத்தில் கோணான்குப்பம் சென்றிருந்தேன். தேர்த் திருவிழாக் கூட்டம். வடம் பிடித்தவர்கள் கூவிய தமிழில் ஒரு ‘இடம்’ கூட இல்லை, எல்லாம் ‘எடம்’தான். கூட்டத்தில் நின்றவாறே அதனைக் குறித்துக்கொண்டேன்.

ஊர் திரும்பியதும் நாற்பது பக்க நோட்டு ஒன்றை வாங்கி நான்காகப் பிரித்தேன். ஆயாவின் சொற்களை அதில் எழுதி வருகிறேன். சாமை, வரகு, தினை இவற்றின் வகைகளுக்கு எங்கள் மலையில் வழங்கும் பெயர்கள் பொருளகராதியில் சேர்ந்துவிட்டன. கடுக்காய் பொறுக்கும் காலத்துச் சொற்களும் அங்கேயே. மழையின் வகைகளை அவள் விரல் விட்டு எண்ணிச் சொன்னாள். அவை தொகையகராதிக்குப் போயின. எதைக் கேட்டாலும் எதற்கு எழுதுகிறாய், இதெல்லாம் ஒரு பேச்சா என்றுதான் முதலில் கேட்பாள். பிறகு தானாகவே இன்னும் நான்கு சொல்வாள். எருதை ஏரிலிருந்து அவிழ்க்கும்போது அவள் எழுப்பும் ஓர் ஒலி இருக்கிறது. அது பெயருமன்று, வினையுமன்று, இடையா உரியா என்றும் தெரியவில்லை. பேராசிரியரைக் கேட்டேன். அவரும் யோசித்துச் சொல்வதாகக் கூறியிருக்கிறார். அதுவரை அது நோட்டின் கடைசிப் பக்கத்தில் தனியாக இருக்கிறது.